அளந்து குடிக்கும் தண்ணீர்

ஒரு தடவை டயாலிசிஸ் செய்ய ஏறத்தாழ 120 லிட்டர் தண்ணீர் வேண்டும். நிமிடத்துக்கு அரை லிட்டர் வீதம், நான்கு மணி நேரம், சுத்திகரித்த தண்ணீர் இயந்திரத்துக்குள் ஓடுகிறது. மெல்லிய சவ்வுக்கு அந்தப் பக்கம் போய்க்கொண்டிருக்கும் என் ரத்தத்திலிருந்து கசடை வாங்கிக்கொண்டு சாக்கடைக்குப் போகிறது. வாரத்துக்கு மூன்று தடவை. அத்தனையும் எனக்காக ஓடுகிற தண்ணீர். அதில் ஒரு மிடறு எனக்குக் கிடையாது. ஒரு நாளைக்கு நான் குடிக்கலாம் என்று எழுதிக் கொடுத்திருப்பது முக்கால் லிட்டர். காபி, ரசம், மோர், மாத்திரையை விழுங்குகிற தண்ணீர் எல்லாம் அதற்குள் அடக்கம்.

சென்னையில் இந்த வார்டு நன்றாகத்தான் இருக்கிறது. குளிர்சாதனம் உண்டு, ஒவ்வொரு படுக்கைக்கும் ஒரு டிவி உண்டு, சிஸ்டர் ஊசி குத்துவது தெரியாமல் குத்துவார். மகள் காரில் கொண்டுவந்து விடுகிறாள், காரிலேயே கூட்டிப்போகிறாள். எடைக் கருவியில் ஏறி நின்றதும் "இன்னைக்கு எவ்வளவு எடுக்கணும்?" என்று ஒருவர் கேட்க, "ரெண்டரை" என்று இன்னொருவர் சொல்ல, உடம்பில் தேங்கிய தண்ணீரை எடுத்துவிடுகிறார்கள். ஒரு குறையும் சொல்ல முடியாது. ஆனால் நாக்கு வறண்டு, ஒரே ஒரு ஐஸ் கட்டியை வாயில் ஒதுக்கிக்கொண்டு கண்ணை மூடினால் நான் இங்கே இல்லை. சுரண்டையில் இருக்கிறேன்.

ஆனி பிறந்திருக்கும். மேற்கே குற்றாலத்து மலை கறுத்துக் கிடக்கும். மழை அங்கே; ஆரியங்காவுக் கணவாய் வழியாக இறங்கிவரும் காற்றும், அது தூக்கிவரும் தூவானமும் எங்களுக்கு. குடை பிடிக்கத் தேவையில்லாத அந்த ஈரம், சட்டையை நனைக்காமல் தோலை மட்டும் நனைக்கும். பனை ஓலைகள் ராத்திரி முழுக்க அடித்துக்கொள்ளும். விடியுமுன்னே சந்தையில் மூட்டை இறக்குகிற சத்தம், கேரளத்துக்குப் புறப்படுகிற லாரிகளின் இரைச்சல், நசுங்கிய கொத்தமல்லித் தழையும் ஈரச் சாக்கும் கலந்த வாடை. சீசன் என்று ஒரே வார்த்தையில் சொல்லிவிடுவோம். "சீசன் எப்படி?" என்று போனில் கேட்கிறேன். "நல்லா இருக்கு மாமா" என்கிறான் தங்கச்சி மகன். அதற்கு மேல் அவன் என்ன சொல்ல முடியும்?

இழந்ததை ஒவ்வொன்றாகச் சொல்லித்தான் பார்க்க வேண்டும். பதநீர். பங்குனிக் காலையில், பனையோலையைக் குவித்துக் கட்டிய பட்டையில், விளிம்பு வழிய வழிய ஊற்றிக் கொடுப்பதை இரண்டு கையாலும் ஏந்திக் குடித்தது. பொட்டாசியம் அதிகம், கூடாது. இளநீர், கூடாது. வாழைப்பழம், கூடாது. காயை நறுக்கி வேகவைத்து அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டுத்தான் சமைக்க வேண்டும். சந்தைக்காரர்கள் ஊரில் பிறந்து, காயின் சாரத்தைக் கொட்டிவிட்டுச் சக்கையைத் தின்கிறேன். ஆச்சி மத்தியான வெயிலில் செம்பு நிறைய மோரை நீட்டி, "எய்யா, ஒரே மூச்சுல குடி, அளந்து குடிச்சா அலுப்பு போகாது" என்பாள். அளந்துதான் குடிக்கிறேன் ஆச்சி. அலுப்பு போகவில்லை.

ஒரு கை இயந்திரத்தோடு பூட்டிக் கிடக்கும். மறு கையில் புத்தகம் பிடிக்கலாம். இந்தப் படுக்கையில் நான் வாசிப்பதெல்லாம் அழிந்துபோன ஊர்களைப் பற்றி. ஆறுதல் தேடி வாசிக்கவில்லை. அவர்கள் எப்படிப் போனார்கள் என்று தெரிந்துகொள்ளும் ஆசை. கூடப் போகிறவர்களைப் பற்றி விசாரிக்கிற ஆசை.

மொகஞ்சதாரோவைப் பற்றி வாசித்தேன். சிந்துவெளியில் இப்படியொரு நாகரிகம் இருந்தது என்று 1924 செப்டம்பரில் ஜான் மார்ஷல் உலகத்துக்கு அறிவித்தார். மேல் அடுக்குகளில் கிடைத்த எலும்புக்கூடுகளைப் பார்த்துவிட்டு, படையெடுத்து வந்து கொன்று போட்டார்கள் என்று பின்னாளில் மார்ட்டிமர் வீலர் சொன்னார். அந்த எலும்புகளை அதற்கப்புறம் ஆராய்ந்தவர்கள், அப்படி ஒரு படுகொலைக்குச் சான்று இல்லை என்றார்கள். கடைசிக் காலத்து அடுக்குகளில் வேறொன்று தெரிகிறது. பெரிய வீடுகளைத் தடுத்துச் சிறுசிறு அறைகளாக்கியிருக்கிறார்கள். வடிகால்களைப் பராமரிக்காமல் விட்டிருக்கிறார்கள். பருவமழை மெலிந்து, ஆறுகள் தடம் மாறி, கி.மு. 1900-ஐ ஒட்டிய தலைமுறைகளில் மக்கள் மெல்ல மெல்லக் கலைந்து வேறு இடங்களுக்குப் போயிருக்கிறார்கள். 700 கிணறுகள் இருந்திருக்கலாம் என்று மைக்கேல் யான்சன் மதிப்பிட்ட ஊர் அது. அத்தனை கிணறு வெட்டியவர்களின் பேரப்பிள்ளைகள், அடைத்துக்கொண்ட வாய்க்காலைத் தாண்டித் தாண்டி நடந்து பழகியிருக்கிறார்கள்.

வடிகாலைப் பற்றிய அந்த வரிக்கு வந்ததும் புத்தகத்தை நெஞ்சின் மேல் கவிழ்த்துவிட்டேன். சிறுநீரகமும் வடிகால்தானே. கைப்பிடி அளவு இரண்டு உறுப்புகள், நாளொன்றுக்கு 180 லிட்டரை வடிகட்டி, வேண்டியதைத் திருப்பிக் கொடுத்து, வேண்டாததை ஒன்றரை லிட்டராக வெளியே அனுப்பும் வேலையைப் பிறந்த நாளிலிருந்து சத்தமில்லாமல் செய்திருக்கின்றன. நின்றபோதும் சத்தமில்லை. பெரும்பகுதி போன பிறகுதான் கணுக்காலில் ஒரு வீக்கம், வாயில் ஒரு கசப்பு, ரத்தப் பரிசோதனைத் தாளில் கிரியேட்டினின் என்ற பெயருக்கு எதிரே தடித்த எழுத்தில் ஓர் எண். எதிரி எந்தப் பக்கமிருந்து வந்தான் என்று தேடினேன். யாரும் வரவில்லை. தூர்ந்துபோயிற்று, அவ்வளவுதான்.

தூர்ந்துபோன இன்னோர் ஊர் எங்களுக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. கொற்கை. பாண்டியர்களின் முத்துத் துறைமுகம். கிரேக்க மாலுமிகளின் ஏட்டிலும் தாலமியின் நூலிலும் இடம்பிடித்த ஊர். குற்றாலத்திலிருந்து வரும் சிற்றாறு சீவலப்பேரியருகே தாமிரபரணியில் கலக்கிறது. தாமிரபரணி மலையிலிருந்து கொண்டுவந்த வண்டலைக் கழிமுகத்தில் கொட்டிக் கொட்டிக் கடலைத் தள்ளிவிட்டது. துறைமுகம் காயலுக்கு நகர்ந்தது. 13-ஆம் நூற்றாண்டின் இறுதியில் மார்க்கோ போலோ வந்து பார்த்து வியந்தது அந்தக் காயலைத்தான். பிறகு காயலையும் வண்டல் மூடியது. கால்டுவெல் பாதிரியார் கொற்கைக்குப் போய்த் தோண்டிப் பார்த்தபோது கிடைத்தது மண்ணுக்குள் கிடந்த சங்கும் பானையோடும். இன்று கொற்கையில் நின்றால் கடல் தெரியாது. வயலும் வாழையும்தான் தெரியும். எந்த ஆறு ஊரை வளர்த்ததோ அதே ஆறுதான் மூடியிருக்கிறது. ஒரு காலையில் எழுந்து பார்த்துக் கடலைக் காணோமே என்று எந்தக் கொற்கைக்காரனும் அலறியிருக்க மாட்டான். போன வருஷத்தைவிட நாலடி கூட நடக்க வேண்டியிருக்கிறது என்று முணுமுணுத்துவிட்டுப் படகுக்குப் போயிருப்பான்.

பக்கத்துப் படுக்கைக்காரருக்கு ஆற்காட்டுப் பக்கம். பாலாற்றில் நீச்சல் பழகியவர். இப்போது ஊருக்குப் போனால் மணலில் நடந்தே அக்கரைக்குப் போய்விடுவதாகச் சொன்னார். ஒரு நாளைக்கு எத்தனை மிடறு என்று இரண்டு பேரும் கணக்குச் சொல்லிக்கொள்கிறோம். பிறகு ஆற்றைப் பற்றிப் பேசுகிறோம். இதை வாசிக்கிற உங்களுக்கும் அப்படி ஒரு தண்ணீர் இருக்கும். கிணறோ, வாய்க்காலோ, கம்மாயோ. ஏதோ ஓர் ஊர்க்கரையில் உங்கள் துண்டு இன்னும் காய்ந்துகொண்டுதான் இருக்கும்.

என்னுடையது எங்கள் குளம். ஐப்பசியும் கார்த்திகையும் சேர்ந்து பெய்தால், ஒரு ராத்திரியில் நிறைந்து கலுங்கு தாண்டும். மறுகால் பாய்கிறது என்போம். கீழே கல்லில் விழுந்து நுரைத்து ஓடுகிற தண்ணீருக்கு எதிராகக் கெண்டை துள்ளி ஏறும். நாங்கள் துண்டை விரித்துக்கொண்டு நிற்போம். ஆனால் எனக்கு வேண்டியது மீனும் இல்லை, குளியலும் இல்லை. அந்தச் சத்தம். வீட்டுத் திண்ணைவரை வரும். மழை விட்ட பின்னிரவில், தவளைகளும் ஓய்ந்த நேரத்தில், ஏற்றமும் இறக்கமும் இல்லாமல், ஒரே சீராக, நாளைக்கும் இருப்பேன் என்று சொல்லிக்கொண்டே இருக்கிற சத்தம். அம்மா இருட்டில் தோளைத் தொட்டு எழுப்புவாள். "எய்யா, குளம் மறுகால் பாயுது, கேக்கா?" கேட்கிறது என்று சொல்வதற்குள் தூங்கிவிடுவேன்.

டயாலிசிஸுக்காக இடது கையில் தமனியையும் சிரையையும் இணைத்துத் தைத்திருக்கிறார்கள். பிஸ்டுலா என்கிறார்கள். தினமும் காலையில் அதன் மேல் விரலை வைத்து, உள்ளே அதிர்வு ஓடுகிறதா என்று பார்க்க வேண்டும். நின்றுவிட்டால் அடைத்துக்கொண்டது என்று பொருள். உடனே ஓட வேண்டும். காதருகே கொண்டுபோனால் சத்தமே கேட்கும். முதல் தடவை கேட்ட இரவில் எழுந்து உட்கார்ந்துவிட்டேன். தொலைவில், மழை விட்ட பிறகு, கலுங்கு தாண்டுகிற தண்ணீரின் அதே சத்தம். மணிக்கட்டுக்கு மேலே எங்கள் குளம் மறுகால் பாய்கிறது. யாரிடம் சொல்ல? மகளிடம் சொன்னேன். காதை வைத்துக் கேட்டாள். "ஏதோ மெஷின் ஓடுற மாதிரி இருக்குப்பா" என்றாள். அவள் சென்னையில் பிறந்தவள். மறுகாலை அவள் கேட்டதில்லை.

அப்போதுதான் எனக்கு உண்மையாகவே பயம் வந்தது.

உ.வே. சாமிநாதையர் ஏடு தேடிக் கரிவலம்வந்தநல்லூர் போன கதையை 'என் சரித்திரம்' நூலில் எழுதியிருக்கிறார். சுரண்டையிலிருந்து வடக்கே, சங்கரன்கோவிலையும் தாண்டினால் அந்த ஊர். கடைசிப் பாண்டியர்களில் ஒருவருக்குப் பிள்ளை இல்லை. அவருடைய அந்திமக் கிரியைகளைக் கோயில் சிவனே செய்தார் என்று சொல்வார்கள். அவருடைய உடைமைகளோடு ஏட்டுச் சுவடிகளும் கோயிலுக்கு வந்துவிட்டன. ஐயர் கேட்டுப் போனபோது, சிதிலமான பழைய ஏடுகளை நெய்யில் தோய்த்து ஓமத் தீயில் போட்டுவிட்டதாகச் சொன்னார்கள். பகைவன் கொளுத்தவில்லை. பக்தியோடு கொளுத்தியிருக்கிறார்கள். அந்த ஏடுகளில் என்ன இருந்தது என்று இனி எந்தக் காலத்திலும் ஒருவரும் அறியப்போவதில்லை.

என் அம்மாவின் குரல் எந்த ஒலிநாடாவிலும் இல்லை. இருட்டில் "கேக்கா?" என்று கேட்ட அந்த ஒற்றைச் சொல், அதன் கடைசி எழுத்தில் மேலே தூக்கும் அந்தச் சாய்வு, இன்று உலகத்தில் ஒரே ஓர் இடத்தில்தான் இருக்கிறது. அந்த இடம் வாரத்துக்கு மூன்று நாள் ஊசி குத்திக்கொண்டு படுத்திருக்கிறது. நான் போவது பெரிதில்லை. வயதாகிவிட்டது, போகத்தான் வேண்டும். என்னோடு அவள் இரண்டாம் தடவை போவாளே, அதுதான் தாங்கவில்லை.

எழும்பூர் அருங்காட்சியகத்துக்கு ஒரு நாள் மகளோடு போனேன். தாமிரபரணிக் கரையில் ஆதிச்சநல்லூர் பறம்பில், 1899 முதல் 1905 வரை அலெக்சாண்டர் ரீ தோண்டியெடுத்தவை அங்கே இருக்கின்றன. மெல்லிய தகடாக அடித்த பொன் நெற்றிப்பட்டங்கள், இரும்பு ஆயுதங்கள், வெண்கலப் பாத்திரங்கள். அங்கே இறந்தவர்களுக்கு மட்டும் 114 ஏக்கர். வாழ்ந்த வீடுகளைவிடப் புதைத்த தாழிகளைத்தான் உலகம் முதலில் பார்த்தது. சில தாழிகளில் உமி கிடைத்தது; சின்னச் சின்னக் கலயங்களும் கிடைத்தன. அதைப் பார்த்தபடி நின்றுவிட்டேன். போகிறவருக்குத் தாகம் எடுக்கும் என்று நினைத்திருக்கிறார்கள். அளந்தா ஊற்றியிருப்பார்கள்? நிறையத்தான் ஊற்றியிருப்பார்கள். "போலாமாப்பா, கால் வீங்கிரும்" என்றாள் மகள்.

இவர்களையெல்லாம் நினைத்துக்கொண்டே இருந்தாலும், கடைசியில் நான் போய் நிற்கிற இடம் தென்காசிதான். சுரண்டையிலிருந்து பஸ்ஸில் அப்பாவோடு போவோம். நடத்துனர் சுந்தரபாண்டியபுரம் என்று குரல் கொடுப்பார். கூடையோடு நாலு பேர் இறங்குவார்கள். ஒரு மன்னனின் பெயரில் இறங்கிச் சூரியகாந்தி வயலுக்குள் நடந்துபோவார்கள். தென்காசியில், என் சின்ன வயதில், காசி விசுவநாதர் கோயிலுக்கு முழுக் கோபுரம் கிடையாது. 19-ஆம் நூற்றாண்டில் தீயில் சிதைந்து, மொட்டையாகத்தான் நின்றது. 1990-இல்தான் திரும்ப எழுந்தது. கோபுரம் இல்லாத காலத்திலும் அந்த வாசலில் காற்று மட்டும் குறையவில்லை. உள்ளே நுழைகிறவரைத் தள்ளுகிற அந்தக் காற்றில் அப்பாவின் வேட்டி படபடக்கும். என் கையை இறுக்கிப் பிடித்துக்கொள்வார்.

அந்தக் கோயிலைக் கட்டியவர்கள் தோற்றவர்கள். அதைச் சின்ன வயதில் யாரும் எங்களுக்குச் சொல்லவில்லை. அண்ணன் தம்பிச் சண்டையில் ஓட்டை விழுந்த மதுரைக்குள் 1311-இல் மாலிக் கபூரின் படை புகுந்தது. அதன்பின் சுல்தான்கள், விஜயநகரம். பாண்டியர்கள் தெற்கே ஒதுங்கி ஒதுங்கி, கடைசியில் மலையடிவாரத்துக்கு வந்து சேர்ந்தார்கள். பெரிய நாடு போய்ச் சிற்றாற்றங்கரை மிச்சம். அந்தச் சுருங்கிய நாட்டில் உட்கார்ந்துகொண்டுதான் பராக்கிரம பாண்டியர் 1446-இல் கோயில் வேலையைத் தொடங்கினார். அந்தச் சுருங்கிய நாட்டில்தான் பிறகு அதிவீரராம பாண்டியர் நைடதத்தைப் பாடினார். நாங்கள் பள்ளிக்கூடத்தில் கைகட்டி நின்று ஒப்பித்த வெற்றிவேற்கையும் அவருடையதுதான். மதுரை போன பிறகும் ஏறத்தாழ 300 ஆண்டுகள் அவர்கள் இருந்திருக்கிறார்கள். முன்பெல்லாம் அதை வீழ்ச்சியின் வால் என்று நினைத்துத் தாண்டிப் போவேன். படுக்கையும் எடைக் கருவியும் முக்கால் லிட்டருமாக என் நாடு சுருங்கிய பிறகு, அந்த 300 ஆண்டுகள்தான் எனக்குப் பெரிதாகத் தெரிகின்றன.

பராக்கிரம பாண்டியர் அந்தக் கோயிலில் ஒரு பாட்டை வெட்டி வைத்திருக்கிறார். இந்தக் கோயிலுக்குப் பின்னால் ஏதேனும் கேடு வந்து, அதைச் சரிசெய்து யார் காப்பாற்றினாலும், அவரை உலகறிய இப்போதே பணிகிறேன் என்பது அதன் கருத்து. ஓர் அரசர், பிறக்காத ஒருவரை வணங்குகிறார். கல் நிற்கும் என்று அவர் நம்பவில்லை. சுல்தான்களும் நாயக்கர்களும் வெள்ளைக்காரர்களும் வந்து போன பிறகு, அவர் முகம் தெரியாத மனிதர்கள் சாரம் கட்டி, கல் ஏற்றி, சுதை பூசிக் கோபுரத்தை எழுப்பினார்கள். 500 ஆண்டுகளுக்கு முன்னாலேயே தங்களை ஒருவர் கும்பிட்டுவிட்டுப் போயிருக்கிறார் என்பதைச் சித்தாளாக வந்த பெண்களில் எத்தனை பேருக்கு யார் சொல்லியிருப்பார்கள்?

எனக்குக் கோயில் இல்லை, கல்வெட்டும் இல்லை. தென்காசியிலும் இப்போது டயாலிசிஸ் செய்கிறார்கள். டாக்டர் சம்மதித்தால் வருகிற ஐப்பசியில் வந்து சில நாள் இருக்க முடியுமா என்று மகள் விசாரித்துக்கொண்டிருக்கிறாள். நடக்கலாம், நடக்காமலும் போகலாம். அதனால் ஊரில் இருக்கிறவர்களிடம், இனி இருக்கப்போகிறவர்களிடம் இப்போதே கேட்டுவிடுகிறேன். குளத்துக்குள் இறங்கி வளர்கிற சீமைக்கருவேலத்தை வெட்டுங்கள். ஓடையில் குப்பை கொட்டுகிறவரைத் தடுத்து நாலு வார்த்தை சொல்லுங்கள். மடையில் மண் சேர்ந்தால் அடுத்த வருஷத்துக்குத் தள்ளிப்போடாதீர்கள். அதைச் செய்கிறவர் யாராக இருந்தாலும், எந்தத் தெருக்காரராக இருந்தாலும், ஊசி குத்தாத என் வலது கையைத் தூக்கிக் கும்பிடுகிறேன். மறுகால் பாய்கிற ராத்திரியில் வீட்டில் சின்னப் பிள்ளை தூங்கிக்கொண்டிருந்தால் எழுப்புங்கள். கேட்கிறதா என்று கேளுங்கள். மறுநாள் அது துண்டை எடுத்துக்கொண்டு கலுங்குப் பக்கம் ஓடினால், பள்ளிக்கூடத்துக்கு நேரமாச்சு என்று விரட்டாதீர்கள்.